லேத்துக்குக் கிடைத்த தடை உத்தரவு

நீதிமன்ற வராந்தாவில் காலை ஒன்பது மணியிலிருந்து அக்காவும் தம்பியும் கால் கடுக்க நின்றார்கள். இருவரும் சேர்ந்து நடத்துவது ஒரு சின்ன லேத் பட்டறை. இரும்புக் கம்பியைக் கடைந்து தண்டும் திருகும் செய்வது அக்காவின் வேலை; ஆர்டர் பிடித்து வருவது தம்பியின் வேலை. பதினொரு நாளாக இரண்டும் நடக்கவில்லை. லேத்தை வரி ஆபீஸ்காரர்கள் தூக்கிக்கொண்டு போய்விட்டார்கள்.

இவர்கள் செய்த குற்றம் கம்பி வாங்கியதுதான். விற்றவன் இவர்களிடம் வாங்கிய வரியை வாயில் போட்டுக்கொண்டு, கடையைப் பூட்டிவிட்டு ஓடிவிட்டான். ஓடியவனைத் தேட யாருக்கு நேரம்? பில்லே பொய் என்று சொல்லி, அகப்பட்டவர்கள் தலையில் இரண்டு மடங்கு அபராதத்தைக் கட்டினார்கள். அப்பீல் போட்டு எட்டு மாதம் ஆகிறது. அதை எடுத்துப் பார்க்க ஓர் ஆளில்லை. வசூலுக்கு மட்டும் ஆறு பேர் லாரியோடு வந்து இறங்கினார்கள்.

மூன்று மணிக்கு வழக்கை அழைத்தார்கள். அது மூன்று நிமிடத்தில் முடிந்தது. வக்கீல் சிரித்துக்கொண்டே வெளியே வந்து, அப்பீல் முடியும்வரை அபராதத்தை வசூலிக்கக் கூடாது, தடை கிடைத்துவிட்டது என்றார். தம்பிக்குத் தலைகால் புரியவில்லை. மறுநாள் உத்தரவின் நகல் கைக்கு வந்ததுமே வாடகை வண்டிக்கும் சுமை தூக்க நாலு பேருக்கும் சொல்லிவிட்டான்.

வரி ஆபீஸில் அதிகாரி அதை விரல் வைத்து நிதானமாகப் படித்தார். பிறகு கண்ணாடியைக் கழற்றினார்.

"வசூல் பண்ணக் கூடாதுன்னு போட்டிருக்கு. சரி, பண்ணல. ஏலமும் விடல. ஆனா கடைசி வாக்கியத்தப் பாருங்கம்மா. அடுத்த விசாரணை வரைக்கும் இப்ப இருக்கிற நிலைமை அப்படியே இருக்கணுமாம். இப்ப மெஷின் எங்க இருக்கு? இங்க இருக்கு."

தம்பி வக்கீலைப் போனில் பிடித்தான். திருத்தம் கேட்டு இன்னொரு மனு போடலாம்தான், ஆனால் நாளையிலிருந்து ஆறு வாரம் கோர்ட்டுக்கு விடுமுறை என்றார். அவர் குரலில் நேற்றைய சிரிப்பு இல்லை.

அக்கா மனசுக்குள் கணக்குப் போட்டுப் பார்த்தாள். தோற்றிருந்தால்கூடக் கடனை உடனை வாங்கி ஏலத்தில் லேத்தை எடுத்திருக்கலாம். ஜெயித்ததால் அதற்கும் வழியில்லை.

அவள் யாரையும் கேட்காமல் பின்பக்க முற்றத்துக்குப் போனாள். மழை பிடித்திருந்தது. இரண்டு கட்டைகளின் மேல் லேத் கூரையில்லாமல் நின்றது. தினமும் வேலை முடிந்ததும் அவள் எண்ணெய் போட்டுத் துடைக்கும் அதன் இரும்புத் தளத்தில் விரலை வைத்தாள். விரல் செம்பழுப்பாக வந்தது. அந்தத் தளத்தைத் துரு அரித்துவிட்டால் பிறகு எந்தத் தண்டும் நேராக வராது.

வண்டியிலிருந்து தார்ப்பாயை இழுத்து வந்தாள். காவல்காரர் குறுக்கே வந்து, மேலே கேட்டுவிட்டு வருவதாகச் சொல்லிவிட்டு உள்ளே போனார். திரும்பி வந்தவர் அவள் முகத்தைப் பார்க்கவில்லை. கோர்ட் வழக்கில் இருக்கிற பொருளாம், யாரும் கை வைக்கக் கூடாதாம்.

மாடி ஜன்னலில் அதிகாரி தெரிந்தார். அக்கா தார்ப்பாயைக் கீழே போட்டாள்.

"எங்க மேல தப்பில்லன்னு ஒரு நாள் நீங்களே எழுதிக் குடுப்பீங்க சார். அன்னைக்கு எதைத் தருவீங்க? இந்தத் துருவையா?"

சாரல் உள்ளே அடித்ததோ என்னவோ, அவர் ஜன்னலைச் சாத்தினார்.

கொஞ்ச நேரத்தில் பியூன் ஒருவர் குடையோடு இறங்கி வந்தார். அவர் கையில் நீதிமன்ற உத்தரவின் நகல் இருந்தது. அதைக் கண்ணாடிக் காகித உறையில் போட்டு, நாலு பக்கமும் டேப் ஒட்டியிருந்தார்கள். லேத்தின் கைப்பிடியில் அதைக் கயிற்றால் கட்டும்வரை குடையை அதன் மேலேயே சாய்த்துப் பிடித்திருந்தார். எழுத்து நனையவில்லை என்று உறையைத் தடவிப் பார்த்துவிட்டு உள்ளே ஓடினார். தளத்தின் பள்ளத்தில் தண்ணீர் நிரம்பி வழிந்துகொண்டிருந்தது.