டெல்மரின் முப்பது தோட்டா மேகசின்

1

மனித குலத்தின் வரலாறு என்பது, எடுத்த காரியத்தை நடுவில் நிற்காமல் முடித்துவிடத் துடித்தவர்களின் வரலாறு.

(இந்த வரியை எழுதிவிட்டு எழுந்து போய் ஃபிரிட்ஜைத் திறந்து பார்த்தேன். பிறகு அந்த வாரம் முழுக்க எழுதவில்லை.)

இந்தக் கதை பிறந்த விதத்தைச் சொல்லிவிடுகிறேன். இது என் கற்பனையில் உதித்தது அல்ல. எனக்கு இடப்பட்ட உத்தரவு. அரிசோனாவில், கிங்மனுக்கு வெளியே இருக்கும் எங்கள் துப்பாக்கி கிளப்பில், டெல்மர் ஸ்டக்கி என் தோளைத் தட்டிச் சொன்னார்:

“மர்ஃபி, நீ உங்க பாஷையில கதையெல்லாம் எழுதுவியாமே. என் மேகசினைப் பத்தி ஒண்ணு எழுதேன்.”

(என் பெயர் முரளி. கிளப்பில் சேர்ந்த அன்றே மர்ஃபி ஆகிவிட்டது. எனக்கு ஆட்சேபம் இல்லை. உலகத்தில் எத்தனையோ மர்ஃபிகள் நன்றாகச் சுட்டிருப்பார்கள். அந்தப் பெயரில் கொஞ்சம் எனக்கும் ஒட்டும்.)

“எழுதினா உங்களுக்குப் படிக்கத் தெரியாதே” என்றேன்.

“படிக்கிறதுக்கு யார் கேட்டா? ஃபிரேம் போட்டு கிளப் சுவத்துல மாட்டப்போறேன்.”

ஆகவே வாசகரே, நீங்கள் படித்துக்கொண்டிருப்பது ஒரு சுவர் அலங்காரம். கதாநாயகருக்குத் தமிழ் தெரியாது என்ற ஒரே தைரியத்தில் இதில் உண்மை எழுதப்படுகிறது.

2

மேகசின் என்றதும் தீபாவளி மலர் ஞாபகம் வருகிறவர்களுக்காக: இது கைத்துப்பாக்கியின் பிடிக்குள் நுழையும் பெட்டி. அடியில் ஸ்பிரிங், மேலே தோட்டாக்கள். துப்பாக்கியோடு கம்பெனி தருவதில் பதினேழு பிடிக்கும். எங்கேயோ ஒரு சின்னப் பட்டறைக்காரர் செய்து விற்கும் நீள மேகசினில் முப்பது. அதை மாட்டியதும் துப்பாக்கி, அப்பாவின் பேன்ட்டைப் போட்டுக்கொண்ட பையன் மாதிரி ஆகிவிடும்.

டெல்மர் வாங்கியதோடு நிற்கவில்லை. உள்ளே இருந்த ஸ்பிரிங்கைத் தூக்கி எறிந்துவிட்டு, இன்னும் விறைப்பான ஒன்றைத் தானே முறுக்கிப் போட்டார். ஒரு குளிர்காலம் முழுக்க கராஜில் அதே வேலை. அந்த ஸ்பிரிங்கின் பேச்சை எடுக்காமல் அவர் ஒரு பரிட்டோவைத் தின்று முடித்து நான் பார்த்ததில்லை.

இதெல்லாம் யாருக்காக? மனைவி நடீனுக்காக. நடீன் புரோப்பேன் எரிவாயு லாரி ஓட்டுகிறவர். யானைத் தும்பிக்கை போன்ற குழாயைத் தோளில் போட்டுக்கொண்டு வீடு வீடாக இழுப்பவர். போன வருடம் மாநிலப் போட்டியில், நடுவில் மேகசின் மாற்றிய அந்தக் கண நேரத்தில்தான் முதலிடம் நழுவியது. இந்த முறை முப்பதும் ஒரே மூச்சில் ஓடினால் மாற்றவே வேண்டாம். சனிக்கிழமை சோதனை, ஞாயிற்றுக்கிழமை போட்டி. மேகசின் ஒன்று. ஸ்பிரிங்கும் ஒன்று.

3

அன்று காலை பாலைவனத்துச் சூரியன், குழலிலிருந்து புறப்பட்ட

(வேண்டாம். சூரியனுக்கு இந்தக் கதையில் வேலை இல்லை.)

இரும்புத் தட்டுகள் தம் விதிக்காகக் காத்து

(தட்டுகள் எதற்கும் காத்திருக்கவில்லை. கட்டையில் வரிசையாக நின்றன, அவ்வளவுதான்.)

எங்கள் கிளப்பில் எழுதி வைக்காத ஒரு சட்டம் உண்டு. புதுச் சாமானைச் சோதிக்கிற நாளில் முதல் மேகசினை அதன் சொந்தக்காரரே எல்லார் முன்னாலும் நிரப்ப வேண்டும். புது வீட்டில் பால் காய்ச்சுவது மாதிரி. டெல்மர் மேசை முன் நின்றார். ஒவ்வொரு தோட்டாவையும் கட்டை விரலால் அமுக்கி ஏற்றியபடியே, முகத்தைக் கூட்டத்தின் பக்கம் திருப்பி உரையாற்றினார்.

“இந்த ஸ்பிரிங் இருக்கே, இது தள்ளாது. ஏந்திக் குடுக்கும். வித்தியாசம் புரியுதா?”

“புரியுது தலைவரே. அப்புறம் ஏன் உங்க கட்டை விரல் செவந்து போச்சு?” என்றார் எம்மெட்.

(எம்மெட் என்ற பாத்திரத்தின் மேல் எனக்குச் சந்தேகம். எதிர்ப்பேச்சுக்காகவே செய்து வைத்த ஆள் மாதிரி இருக்கிறார். நீக்கிவிட்டுப் பார்த்தேன், முடியவில்லை. ஆள் நிஜமாகவே இருக்கிறார். வாரா வாரம் வருகிறார்.)

“கம்பெனி குடுத்ததைத் தவிர வேற எந்த மேகசினும் ஓடினதா சரித்திரமே இல்ல” என்றார் எம்மெட்.

“சரித்திரம் இன்னிக்கு மாறும்” என்றார் டெல்மர், அடுத்த தோட்டாவைப் பார்க்காமலே எடுத்து ஏற்றியபடி.

4

நான் அன்று தள அதிகாரி. கையில் நேரக் கருவியோடு, சுடுகிறவரின் வலது தோளுக்குப் பின்னால் ஒட்டி நிற்பவன். நடீனின் கையில் நடப்பதை என்னளவுக்குப் பார்க்க அங்கே வேறு யாருக்கும் வசதியில்லை. மற்றவர்கள் கயிற்றுக்கு அப்பால்.

கருவி கூவியது. தட்டுகள் ஒவ்வொன்றாகப் பாடிக்கொண்டே விழுந்தன. பாதி வரிசை தாண்டியதும் துப்பாக்கி வாயைத் திறந்தபடி நின்றுபோனது.

நடீன் தட்டுகளிலிருந்து முகத்தைத் திருப்பவில்லை, கண் மட்டும் கீழே இறங்கி ஏறியது. விரல் விசையை விட்டு வெளியே வந்தது. மேகசினைப் பிடுங்கினார், உச்சியில் சிக்கியிருந்த தோட்டாவைக் கட்டை விரலால் சுண்டி எறிந்தார், மறுபடி அறைந்து செருகினார், துப்பாக்கியின் மேல்பாகமான ஸ்லைடை இழுத்து விட்டார், சுட்டார். நீங்கள் இந்த வாக்கியத்தைப் படிக்க எடுத்துக்கொண்ட நேரத்தில் அவர் அதைச் செய்துவிட்டு இன்னும் இரண்டு தட்டுகளை வீழ்த்தியிருந்தார். மிச்சத் தோட்டாக்கள் அத்தனையும் தயிர் சாதம் இறங்குவது மாதிரி இறங்கின.

எத்தனையோ பேர் பின்னால் நின்றிருக்கிறேன். அப்படி ஒரு கையை நான் பார்த்ததில்லை. இந்தக் கதையை எழுத ஒப்புக்கொண்டதே அந்தக் கைக்காகத்தான், மேகசினுக்காக அல்ல.

சுண்டி எறிந்த தோட்டா என் பூட்ஸ் பக்கத்தில் விழுந்தது. அது எப்படிச் சிக்கியிருந்தது என்பதை நானும் பார்த்தேன், அவரும் பார்த்தார். முனை பின்பக்கம், அடி முன்பக்கம். மேகசினில் குறையில்லை. ஸ்பிரிங்கில் குறையில்லை. உரை நிகழ்த்திக்கொண்டே நிரப்பியவர் ஒரு தோட்டாவைத் தலைகீழாக ஏற்றியிருக்கிறார்.

நான் அதன் மேல் காலை வைத்தேன். நடீன் என் பூட்ஸைப் பார்த்தார். பிறகு துப்பாக்கியைக் காலி செய்து காட்டினார்.

5

அடுத்து ஆராய்ச்சி தொடங்கியது.

“நான் சொன்னேனா இல்லையா?” என்றார் எம்மெட்.

“தோட்டா சரியில்ல. மலிவு சரக்கு” என்றார் டெல்மர்.

“அதே சரக்கு என் கம்பெனி மேகசின்ல வெண்ணெயா ஓடுது.”

(இந்த இடத்தில் உலோக வெப்பம், பாலைவனப் புழுதி, துப்பாக்கிக்குக் கெடுபிடி காட்டும் கலிபோர்னியா அரசாங்கம் ஆகியவையும் காரணங்களாகச் சொல்லப்பட்டன. இடம் கருதி நீக்கியிருக்கிறேன்.)

டெல்மரின் முகம் சுருங்கியது. “ஸ்பிரிங் ரொம்ப விறைப்பு. அதான். ரெண்டு சுத்து வெட்டிடறேன்” என்று வண்டிக்குப் போய் வெட்டுக் குறட்டை எடுத்து வந்தார். மேகசினின் அடி மூடியைக் கழற்றினார். ஸ்பிரிங் துள்ளி வெளியே வந்தது.

வெட்டினால் அது தளர்ந்துவிடும். கடைசித் தோட்டாக்கள் மேலே ஏறாது. நாளைய போட்டி அத்தோடு சரி. வெட்ட வேண்டாம் என்றால் காரணம் சொல்ல வேண்டும். காரணம் என் பூட்ஸுக்கு அடியில். அதை எடுத்து எம்மெட் முன்னால் காட்டினால், அந்தக் கிளப் இருக்கும்வரை டெல்மருக்குத் தலைகீழ் என்பதைத் தவிர வேறு பெயர் கிடையாது.

நான் வாயைத் திறந்தேன். அதற்குள்:

“டெல், அதைக் கீழ வை” என்றார் நடீன். “ஸ்பிரிங் நல்லாத்தான் இருக்கு. என் மணிக்கட்டு தளந்துபோச்சு.”

எங்கள் ஆட்களிடம் அப்பன் பெயரைச் சொல்லிக்கூடத் திட்டலாம். மணிக்கட்டு தளர்ந்தது என்று மட்டும் சொல்லிவிடக் கூடாது. பிடி தளர்ந்தால் துப்பாக்கி சிக்கும், உண்மைதான். ஆனால் அதைத் தன் வாயால் ஒப்புக்கொண்ட ஒருவரை நான் அதுவரை சந்தித்ததில்லை. சொன்னதும் யார்? புரோப்பேன் குழாயை ஒற்றைக் கையால் சுருட்டுகிற மணிக்கட்டு.

“உனக்கா?” என்றார் எம்மெட்.

“எனக்குத்தான். உனக்கு ஏதாவது கஷ்டமா?”

எம்மெட் தொப்பியைச் சரிசெய்துகொண்டார்.

டெல்மர் குறட்டை வைத்துவிட்டு, மிகுந்த பெருந்தன்மையோடு மனைவியின் தோளில் கை போட்டார். “பரவால்ல. பெரிய பெரிய ஆளுங்களுக்கே நடக்கிறதுதான். சாயந்திரம் உனக்கு மணிக்கட்டுப் பயிற்சி சொல்லித் தர்றேன்.”

“சரி, டெல்” என்றார் நடீன்.

6

முடிவுகள் சில கைவசம் இருக்கின்றன.

முதல் முடிவில் நடீன் சமையலறை மேசையில் அந்தத் தோட்டாவை வைக்கிறார். டெல்மர் பார்க்கிறார். இருவரும் சிரித்து

(சிரிக்க மாட்டார். எனக்கு டெல்மரைத் தெரியும்.)

இரண்டாவதில் டெல்மருக்குத் தானாகவே தோன்றிவிடுகிறது. காரை ஓரமாக நிறுத்தி, ஸ்டியரிங்கில் தலையைச் சாய்த்து

(அவருக்கு எதுவும் தானாகத் தோன்றியதில்லை. ஸ்பிரிங் தவிர.)

நடந்தது இது. ஞாயிற்றுக்கிழமை மேகசினை நிரப்ப டெல்மர் கை நீட்டினார். “நானே ஏத்திக்கறேன், மணிக்கட்டுக்குப் பயிற்சி” என்று நடீன் வாங்கிக்கொண்டார். ஒவ்வொரு தோட்டாவையும் பார்த்துப் பார்த்து ஏற்றினார். முப்பதும் ஒரே மூச்சில் ஓடின. முதலிடம். கோப்பையை அவர் டெல்மர் கையில் கொடுத்து, “ஸ்பிரிங்குக்கு” என்றார். அந்த மனிதர் கறுப்புக் கண்ணாடியைக் கழற்றவே இல்லை. அந்த ஸ்பிரிங் உண்மையிலேயே நல்ல ஸ்பிரிங். அதையும் பெருமையாகவே எழுதுகிறேன்.

கதையை முடிக்கப்போகிறேன் என்று சொன்னபோது நடீன் என்னை ஓரமாக அழைத்தார்.

“அதுல அது இருக்கா?”

“இருக்கு.”

“முழுசாவா?”

“என் பூட்ஸ் உட்பட.”

“நல்லது” என்றார். “எங்கயாவது ஒரு இடத்துல இருக்கணும்ல.”

நடீன் என்றாவது கணவரிடம் சொல்வாரா என்பதை நான் எழுதப்போவதில்லை. அந்த முடிவு உங்களுடையது. கிங்மன் பக்கம் போனால் கிளப்புக்குள் நுழையுங்கள். காபி இயந்திரத்துக்கு மேலே, கோப்பைக்குப் பக்கத்தில் இந்தக் கதை தொங்கும். டெல்மரே வந்து, நெஞ்சை நிமிர்த்தி, என்ன எழுதியிருக்கிறது என்று கேட்பார். சொல்வதும் சொல்லாததும் உங்கள் பாடு.

இந்தக் கடைசிப் பத்தி மட்டும் சுவரில் இருக்காது. மாட்டிய பிறகு போய்ப் பார்த்துவிட்டு வந்து எழுதுகிறேன். டெல்மர் பக்கங்களை ஃபிரேமில் தலைகீழாகப் போட்டிருக்கிறார்.