சுற்றறிக்கை எண் எழுபத்தொன்று

சுற்றறிக்கை எண் எழுபத்தொன்று ஒட்டப்பட்ட செவ்வாய்க்கிழமை பிற்பகல் மூன்று மணி முதல், மருந்தாலை விற்பனையைக் குறித்துக் கணவர் எது சொன்னாலும், மனைவியின் செவியில் "அதைப் பற்றிக் கருத்துச் சொல்வதற்கில்லை" என்றே விழுந்தது. அதுவும் நிறுவனத் தலைவரின் மெல்லிய குரலில். எழுதிக் காட்டினாலும் தாளில் அவ்வரியே நின்றது.

இருவரும் ஒரே சட்ட நிறுவனத்தின் வழக்கறிஞர்கள். ஆலையை வாங்குவோருக்காக அவர் நான்காம் மாடியிலும், விற்போருக்காக அவள் ஆறாம் மாடியிலும் உழைத்தனர். ஒரே நிறுவனம் இரு தரப்புக்கும் நிற்கலாமா என்று கேட்க வேண்டிய அமைச்சகமும் அந்நிறுவனத்திடமே ஆலோசனை பெற்று வந்தமையால், கேள்வி எழவில்லை. இரு குழுவினரிடையேயும், அவர்தம் உறவினரிடையேயும் செய்தி எதுவும் செல்லாது என்றது சுற்றறிக்கை. அந்நிறுவனத்தின் சுற்றறிக்கைகள் பொய்த்ததில்லை. மூத்த பங்குதாரர் ஒருவர் கட்சிக்காரர்களுக்கு என்றும் கிடைப்பார் என்று முன்பொருமுறை அறிவித்திருந்தனர்; அவர் இறந்து ஒன்பதாண்டுகள் ஆகியும், இரண்டாம் மணியொலியிலேயே தொலைபேசியை எடுத்து வந்தார்.

வாங்கிய நாற்பதாம் நாள் ஆலையை மூடுவது என்னும் திட்டத்தை எழுதியவர் கணவர். அவ்வாலையில்தான் மனைவியின் அண்ணன் இருபதாண்டுகளாக மேற்பார்வையாளர். விற்பனை கையெழுத்தான வாரம் அண்ணன் இவர்கள் வீட்டுக்கு வந்தார்.

"மாப்ள, வேற கம்பெனில கூப்பிடுறாங்க. வெள்ளிக்கிழமைக்குள்ள பதில் சொல்லணும். போகவா, இருக்கவா?"

கணவர் உதடசைத்தார். தலைவரின் குரல் வந்தது.

அண்ணன் விழுந்து விழுந்து சிரித்தார். "வீட்லயும் கோட்டைக் கழட்ட மாட்டாரா உன் வீட்டுக்காரரு?"

"அது அவர் குரலே இல்லண்ணா. நல்லது சொன்னாலும் கெட்டது சொன்னாலும் அப்படித்தான் கேக்கும்."

"ஆபத்துன்னா மூஞ்சியிலயே தெரிஞ்சிருக்கும்மா. நான் இங்கயே இருந்துடுறேன்."

நாற்பதாம் நாள் ஆலைக் கதவில் பூட்டுத் தொங்கியது. அண்ணனை அழைத்த நிறுவனம் அவ்விடத்தை என்றோ நிரப்பிவிட்டிருந்தது. கத்தியும் செவிக்கு எட்டாத எச்சரிக்கையை எண்ணிக் கணவர் உள்ளூரக் குமைகிறார் என்றே மனைவி கருதினாள். அண்ணனுக்காக அழுததைவிட அவருக்காகவே மிகுதியாக அழுதாள்.

மறுநாட்காலை ஒன்பது மணிக்குச் சுற்றறிக்கை திரும்பப் பெறப்பட்டது. அதுவரை தடுக்கப்பட்டிருந்த சொற்களெல்லாம், அவள் தலைவாரிக்கொண்டிருக்கையில், சொன்ன வரிசையிலேயே, அவருடைய சொந்தக் குரலில் வந்து சேரத் தொடங்கின. "இணைப்பு மூணுல தேதி தப்பு." "இந்த ஆலை வேலை முடிஞ்சா என்னைப் பங்குதாரர் ஆக்கிடுவாங்க." சீப்பை நிறுத்திக்கொண்டு, அண்ணன் வந்த மாலைக்காக அவள் காத்திருந்தாள். அதுவும் வந்தது. அன்று அவர் உண்மையில் சொன்னது, "அதைப் பற்றிக் கருத்துச் சொல்வதற்கில்லை" என்பதுதான்; எழுத்துப் பிசகவில்லை.

அவள் தலைவாரி முடித்தாள். கணவர் அவ்வாண்டே பங்குதாரரானார். அதன்பின் அவர் எது சொன்னாலும் நாற்பது நாள் பொறுத்தே அவள் நம்பினாள். மழை பெய்கிறது என்று அவர் சொல்லும் காலைகளில், குடையின்றி இறங்கி, நனைந்தபடியே ஆறாம் மாடிக்குப் போய்ச் சேர்வாள்.