சிரிப்புப் பலகை

விடியற்காலை நான்கு மணிக்கு ஸ்டுடியோவின் இரும்புக் கதவைத் தள்ளும்போதே முந்தின நாள் வியர்வையும் சூடேறிய வயரின் வாடையும் முகத்தில் அடிக்கும். ஏழு மணிக்கு நேரலை. அதற்குள் இருபத்திரண்டு விளக்குகளையும் மேலே ஏற்றி, திருப்பி, பூட்டியாக வேண்டும். ஒவ்வொன்றும் நிறைகுடத்தின் கனம். லைட்டு அண்ணன் கயிற்றை உள்ளங்கையில் இரண்டு சுற்றுச் சுற்றிக்கொண்டு இழுப்பார். கூரைக்கடியில் ஓடும் சட்டத்தின்மேல் அவர் நடந்தால் எங்கள் தலையில் துரு உதிரும்.

"பூத் தூவுறேன், வாங்கிக்குங்க" என்பார் மேலிருந்து.

நான்கு பேர் செய்த வேலை அது. பார்ப்பவர்கள் குறைந்துவிட்டார்கள் என்று மூன்றாம் வாரமே இரண்டு பேரை நிறுத்தினார்கள். மிஞ்சியது அண்ணனும், நாற்பது வயதைத் தாண்டியும் சதை பிடிக்காத ஒல்லியும்தான். மேலே ஏறுகிறவர் இடுப்பில் கட்டிக்கொள்ளும் வார் பிய்ந்து மூலையில் கிடந்தது. புதியது வரும் என்றார்கள். வரவில்லை.

'சிரிச்சிட்டுப் போங்க' என்பது எங்கள் நிகழ்ச்சியின் பெயர். தொகுப்பாளர் கோமாளித்தனம் செய்வார், பிறகு ஒரு விருந்தாளியோடு சோபாவில் உட்கார்ந்து அரட்டை அடிப்பார். அதற்கெல்லாம் யாருக்கும் தானாகச் சிரிப்பு வராது. அதனால் நாற்பது பெண்களைத் தினக்கூலிக்குக் கூட்டிவந்து எதிரே உட்காரவைத்திருந்தார்கள். கேமராவுக்குப் பக்கத்தில் 'சிரி' என்று எழுதிய பலகையோடு நான் நிற்பேன். தூக்கினால் சிரிப்பார்கள், இறக்கினால் வாயை மூடுவார்கள். மூன்றாம் வரிசையில் லைட்டு அண்ணனின் மனைவி உட்காருவார். அண்ணி சிரித்தால் கூரைத் தகரம் அதிரும்.

முதல் நாளே எனக்கு ஒரு விதி சொல்லித் தந்தார்கள். நேரலையில் தவறை வெட்ட முடியாது. ஆகவே மேடையில் தம்ளர் விழுந்தாலும் திரை விழுந்தாலும் யோசிக்காமல் பலகையைத் தூக்கு, சிரிப்பு வந்துவிட்டால் தவறும் வேடிக்கையாகிவிடும். ஆறு வாரத்தில் என் கைக்கு அது பழகிப்போயிற்று. பாழாய்ப்போன கை.

அந்தச் செவ்வாய்க்கிழமை நிகழ்ச்சி ஓடிக்கொண்டிருக்கும்போதே ஒரு விளக்கு அணைந்தது. "லைட்டு, மேல ஏறு! உடனே!" என்று எங்கள் எல்லோருடைய காதுக்கருவியிலும் முதலாளி கத்தினார். வார் இல்லாமலே அண்ணன் ஏறினார். சட்டத்தில் கால் வழுக்கியது. சோபாவுக்குப் பின்னால் தொப்பென்று ஏதோ விழுந்தது.

என் கை பலகையைத் தூக்கிவிட்டது.

நாற்பது பேரும் சிரித்தார்கள். அண்ணியும் சிரித்தார், எல்லோரையும்விட உரக்க. சோபாவுக்குப் பின்னால் நீட்டிக்கொண்டிருந்த காலைப் பார்த்ததும்தான் அவர் சிரிப்பு பாதியில் அறுந்தது. அந்தச் சத்தம் இன்னும் என்னைத் தூங்க விடுவதில்லை.

இடுப்பெலும்பு முறிந்துவிட்டது. உடனே அறுவை சிகிச்சை செய்யாவிட்டால் எழுந்து நடக்கமாட்டார் என்றார் மருத்துவர். வேலையில் நடந்த விபத்து என்று கம்பெனி ஒரு கடிதம் தந்தால்தான் மருத்துவமனை கத்தியை எடுக்கும்.

வியாழக்கிழமை முதலாளி எங்களை மேக்கப் அறைக்குக் கூப்பிட்டார்.

"நாளையோட நிகழ்ச்சியை நிறுத்துறோம். ஆனா ஒண்ணு, அந்த விழுந்த காட்சியைத்தான் ஊரே ஃபோன்ல பாத்துச் சிரிச்சிட்டிருக்கு. கடைசி நாள்ல நம்ம தொகுப்பாளரே அதே மாதிரி விழுவாரு. பின்னால மெத்தை போட்டாச்சு."

"இவருக்கு மட்டும் மெத்தையா சார்?" என்றான் ஒல்லி.

முதலாளி காதில் வாங்கவில்லை. ஒரு தாளை நீட்டினார். "ஏற வேண்டாம்னு சொன்னோம், அவரு கேக்கலன்னு எழுதியிருக்கு. ஆளுக்கொரு கையெழுத்துப் போடுங்க. அடுத்த நிகழ்ச்சிக்கு உங்களை மறக்கமாட்டேன்."

அதில் கையெழுத்து விழுந்தால் மருத்துவமனை கேட்ட கடிதம் வரவே வராது.

"ஏறச் சொன்னதே நீங்கதானே சார்" என்றேன்.

"ஏம்மா, பலகையத் தூக்கிச் சிரிக்கவெச்சவ நீ. நீயா நியாயம் பேசுறே?"

முகத்தில் அறைந்த மாதிரி இருந்தது. உண்மைதானே. "ஆமா சார், தூக்குனது நான்தான். அதனாலதான் பேசுறேன்" என்றேன். கேமராக்காரர் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார். யாரும் பேனாவைத் தொடவில்லை.

"காலைல கையெழுத்தோட வாங்க. இல்லேன்னா வரவே வேணாம்" என்று தாளை மேசையில் போட்டுவிட்டுப் போனார்.

மத்தியானம் பேருந்து நிறுத்தத்தில் கூடினோம். மருத்துவமனையிலிருந்து அண்ணி வந்தார். எனக்கு நிமிர்ந்து பார்க்கத் தெம்பில்லை.

"அண்ணி, என்னை ரெண்டு அடி அடிச்சிடுங்க."

"உன்னை நான் அடிச்சா, என்னை யாரு அடிக்கிறது? நானுந்தானே சிரிச்சேன்." என் கையைப் பிடித்துக்கொண்டார். உள்ளங்கை ஜில்லென்றிருந்தது. பிறகு மற்ற பெண்களைப் பார்த்தார். "நாளைக்கு நான் மூணாவது வரிசையில உக்காரப்போறேன். நீங்களும் வாங்க. ஆனா சிரிக்க வேணாம்."

"வேலை போயிடுமே" என்றாள் ஒருத்தி.

"நாளையோட போற வேலைதானே, அதை வேற தனியா போக்குவாங்களாக்கும்" என்றாள் இன்னொருத்தி.

வெள்ளிக்கிழமை விடியற்காலை விளக்கேற்ற ஒல்லி ஒருவன்தான். வாரில்லாமல் மேலே ஏறமாட்டேன் என்று விளக்கு மாட்டும் கம்பியையே கயிற்றால் கீழே இறக்கினான். நானும் முன்கூட்டியே வந்த பெண்களுமாக ஒன்பது பேர் ஆளுக்கொரு கை கொடுத்து அதை மறுபடி ஏற்றினோம். உள்ளங்கை எரிந்தது. ஒரு விளக்கை மட்டும் அவன் மேடைக்கு முதுகு காட்டித் திருப்பியிருந்தான். நான் கேட்கவில்லை. தாளைக் கேட்டு வந்த முதலாளியிடம், "நேரலை முடியட்டும் சார்" என்று சொல்லிவைத்தோம்.

ஏழு இருபதுக்குத் தொகுப்பாளர் "ஐயோ!" என்று சோபாவுக்குப் பின்னால் விழுந்தார்.

"தூக்கு! பலகையத் தூக்கு!" என்று காதுக்கருவி அலறியது. கை துடித்தது. பலகையைத் தரையில் கவிழ்த்துப் போட்டு, அதன்மேல் ஏறி நின்றேன்.

நாற்பது பேரும் வாய் திறக்கவில்லை. சற்றுப் பொறுத்து, என்ன ஆயிற்று என்று தொகுப்பாளர் தலையைத் தூக்கிப் பார்த்தார். அண்ணி எழுந்தார். கீழேயிருந்து ஒல்லி விசையைத் தட்ட, மூன்றாம் வரிசை பளிச்சென்று தெரிந்தது. முந்தின நாள் தரையைப் பார்த்து நின்ற கேமராக்காரர் கேமராவை அண்ணி பக்கம் திருப்பினார்.

"அன்னிக்கு விழுந்தவரு என் புருஷன். ஏறச் சொன்னது முதலாளி. இடுப்புல கட்ட வார் குடுக்கல. தெரியாம நானும் சிரிச்சேன். இப்பத் தெரிஞ்சிடுச்சில்ல, இனிமே யாரும் சிரிக்காதீங்க."

அவ்வளவுதான், விளம்பரத்துக்கு வெட்டிவிட்டார்கள்.

காவலாளிகள் எங்களை வெளியே தள்ளிக் கதவைப் பூட்டினார்கள். மருத்துவமனைக்கான கடிதம் கைக்கு வராமல் எழுந்திருப்பதில்லை என்று கதவை மறித்து எல்லோரும் தெருவில் உட்கார்ந்தோம். வெயில் ஏறியது. உள்ளேயிருந்து ஒரு பதிலும் இல்லை. கேமராக்காரரும் வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தார்.

பத்து மணிக்கு அண்ணியின் ஃபோன் அடித்தது. வார்டு டீவியில் அண்ணன் பார்த்திருக்கிறார்.

"மூணாவது வரிசைக்கு வெளிச்சம் யாரு வெச்சதுன்னு கேக்குறாரு" என்றார் அண்ணி.

ஒல்லி மூக்கை உறிஞ்சிக்கொண்டான். "சரியா இருந்துச்சான்னு கேளுங்க அண்ணி."

அண்ணி கேட்டுவிட்டுச் சொன்னார்: "ரெண்டு விரக்கடை தள்ளி இருந்துச்சாம். அவரு எந்திரிச்சு வந்து திருப்புறாராம்."

அழுதுகொண்டே அண்ணி சிரித்துவிட்டார். பிறகு நாங்கள் எல்லோரும் சிரித்தோம். பூட்டிய கதவுக்கு உள்ளே பலகை குப்புறக் கிடந்தது.