விழ மறுத்த கால்கள்

வெள்ளிப் பாளங்களை அடுக்கிவைத்தாற்போல் மலைகள் சூழ்ந்துநிற்க, அவற்றின் இடுப்பை வளைத்துச் செந்நிறத் தொடர்வண்டி ஊர்ந்துசெல்ல, காலைக் கதிரவன் ஒளியை மட்டும் வழங்கி வெம்மையைத் தன்னிடமே வைத்துக்கொண்ட எங்கடின் என்னும் பள்ளத்தாக்கில், உறைந்த ஏரிக்கரையில் ஒரு படப்பிடிப்புக் குழு, ஒரு மனிதன் விழுவதற்காக ஆறாம் முறையும் காத்துநின்றது.

கற்றோரே, அம்மனிதன் பெயர் பக்காரி. மாலி நாட்டில் தன் படங்களுக்குத் தானே கதை எழுதி, தானே நெறியாண்டு, அரசனாகவும் கள்வனாகவும் கிழவியாகவுங்கூடத் தானே நடித்து, சந்தைவெளிகளில் வெண்துணி கட்டிக் காட்டிப் புகழ்பெற்றவன். மணந்தவளோடு லோசான் நகருக்கு வந்து இருபது மாரி கடந்தும், இந்நாட்டுத் திரை அவனுக்கு அளித்தவை ஏதிலி, காவலாளி, பிணம் என்னும் வேடங்களே. இன்று, முதன்முதலாகப் பனியை மிதித்து மருண்டு விழும் ஏதிலி. தான் எழுதிய திரைக்கதையைப் படித்துப் பார்ப்பதாக இப்படத்தின் இளம் நெறியாளர் தந்த வாக்கை நம்பியே இதற்கு இசைந்தான். ஆயினும் பனியில் பழகிய கால்கள், விழச் சொன்னாலும் தாமே ஊன்றிக்கொண்டன.

அவன் மேலங்கியைத் தட்டிவிட வந்த உடையலங்காரப் பெண் பவதாரணி, லோசானில் அவன் தெருவினள். பிரெஞ்சில் உரையாடினும் ‘அண்ணை’ என்னும் சொல்லை மட்டும் மாற்றாதவள்.

“அண்ணை, சறுக்கிற றோட்டிலை பாணோடை பஸ்ஸுக்கு ஓடுற ஆள் நீங்கள். உந்தக் கால் எப்பிடி விழும்?”

“மெல்லப் பேசு. நான் நேற்றுத்தான் வந்தவன் என்று நெறியாளர் எண்ணுகிறார்.”

“நேற்றோ? நீங்கள் வரேக்கை உவர் பள்ளிக்கூடமும் போயிருக்கமாட்டார்.”

பக்காரி நகைத்துக் கண்களை மூடினான். பிறந்த அன்றே சந்தை நடுவில் எழுந்துநிற்க முயன்ற கழுதைக்குட்டியொன்று நினைவில் வந்தது. அதன் முழங்கால்களின் தடுமாற்றத்தைத் தன் கால்களில் ஏற்றுக்கொண்டான். ஒன்று மடிய, மற்றொன்று விலக, கை வெறுங்காற்றைப் பற்ற, விழுந்தான். குழு முழுதும் கைதட்டியது.

நெறியாளர் ஓடிவந்து தழுவினார். “நீங்கள் நடிக்கவே இல்லை, அதுதான் அழகு.”

மாலையில் திரைக்கதையைப் பிரிக்காமலே திருப்பித் தந்தார். “உங்களிடம் இருப்பது கள்ளமற்ற இயல்பு. எழுத்து, நெறியாள்கை என்று அதைக் கெடுத்துக்கொள்ளாதீர்கள்.”

அவர் அகன்றதும் பவதாரணி பொருமினாள். “நடிச்சதெண்டு சொல்லுங்கோவன் அண்ணை.”

“சொன்னால் அந்தக் காட்சியை வெட்டிவிடுவார்.”

தன்னை முற்றும் மறைத்துக்கொள்வதே கலையின் நிறைவு என்பர்; ஆயின் அது கலைஞனையும் சேர்த்து மறைத்துவிட்டால், அந்நிறைவால் அவனுக்கு என்ன பயன்? கீழே தொடர்வண்டி ஊதியது. பக்காரி தாள்கட்டை அக்குளில் இடுக்கிக்கொண்டு, கண்ணாடிபோல் இறுகிய சரிவில், ஓரடியும் பிறழாமல் ஓடினான். ஒளிப்பதிவுக் கருவிகளெல்லாம் அதற்குள் உறையிடப்பட்டிருந்தன.