ஊர்க்காரர் எண்ணெய்

என் அண்ணன் ஜாஃபருக்குக் காரைப் பற்றித் தெரிந்ததெல்லாம் ஹாரன் எங்கே இருக்கிறது என்பது மட்டும்தான். அதையும் தேவையில்லாத இடத்தில்தான் அடிப்பார். அப்பேர்ப்பட்டவர், என் கார் கியர்பாக்ஸுக்கு எந்த எண்ணெய் ஊற்றுவது என்று தீர்ப்புச் சொல்ல, ஒரு வெள்ளிக்கிழமை ஜும்ஆ தொழுகை முடிந்த கையோடு என்னைத் தேக்காவில் ஒரு சாப்பாட்டுக் கடைக்கு வரச் சொன்னார். நல்ல காசு வரும் மதிய நேரத்தில் சவாரி ஆப்பை அணைத்துவிட்டுப் போனேன். போகாவிட்டால் சொந்தபந்தம் அத்தனைக்கும் போன் போட்டு ஒப்பாரி வைத்துவிடுவார்.

நான் சாயிரா பானு. சிங்கப்பூரில் புக்கிட் பாஞ்சாங்கில் இருக்கிறேன், தனியார் வாடகைக் கார் ஓட்டுகிறேன். கணவர் மவுத்தாகி நான் விதவையான பிறகு பத்துப் பன்னிரண்டு வருஷம் அண்ணனின் மளிகைக் கடைக் கல்லாவில் உட்கார்ந்திருந்தேன். காலையில் கடை திறப்பதிலிருந்து இரவு ஷட்டர் இறக்கும்வரை. சம்பளம் என்ற பேச்சை எடுத்தால், "தங்கச்சிக்குச் சம்பளம் கொடுத்தேன்னு ஊர்ல தெரிஞ்சா காறித் துப்ப மாட்டானுவ?" என்பார். செலவுக்குக் கொடுப்பார். நோன்புப் பெருநாளைக்குச் சேலை எடுத்துக் கொடுப்பார், அதுவும் அவர் கடைக்குப் பக்கத்துக் கடையில் விற்காமல் கிடந்த சேலை. கடைசியில் என் வளையல்களை விற்று, ஒரு பழைய ஜப்பான் காரை வாங்கிக்கொண்டு வெளியே வந்தேன். அன்றிலிருந்து என்னைப் பார்க்கும்போதெல்லாம் அவர் கேட்கும் முதல் கேள்வி, "எப்ப கடைக்கு வர்ற?" என்பதுதான்.

அந்தக் கார்தான் கொஞ்ச நாளாக விக்கிக்கொண்டிருந்தது. சிக்னலில் நின்று எடுக்கும்போது ஒரு உதறல். ரிவர்ஸிலிருந்து டிரைவ் என்ற டிக்கு மாற்றினால் கொஞ்சம் யோசித்துவிட்டுத்தான் நகரும். சின் மிங்கில் வழக்கமாகப் போகும் பட்டறையின் சீன முதலாளி, எங்களுக்கெல்லாம் டவ்கே, ஓட்டிப் பார்த்துவிட்டு, கியர் எண்ணெய் கெட்டுவிட்டது, உடனே மாற்று, இன்னும் தாமதித்தால் கியர்பாக்ஸே போய்விடும் என்றார். இந்த வயதுக் காருக்குப் புதுக் கியர்பாக்ஸ் போடுவதைவிடப் பழைய இரும்புக்குப் போடலாம். கார் போனால் எனக்கு வேறு கார் கிடையாது. நேராக அண்ணன் கடைக் கல்லாதான்.

இதை அண்ணன் மகள் சாதியாவிடம் போனில் புலம்பினேன். அவள் தன் வாப்பாவிடம் சொல்ல, அவர் உடனே மெக்கானிக் ஆகிவிட்டார்.

சாப்பாட்டுக் கடையில் அண்ணனுக்கு எதிரே ரவூப் உட்கார்ந்திருந்தார். எங்கள் ஊர்க்காரர். முன்பு சூட்கேஸ் விற்றார், பிறகு அத்தர் விற்றார், போன் கார்டு விற்றார். இப்போது எங்கிருந்தோ கண்டெய்னரில் எண்ணெய் இறக்கிக்கொண்டிருந்தார். அவர் மகன் ரியாஸுக்குச் சாதியாவைப் பேசிக்கொண்டிருந்தார்கள். அதனால் ரவூப் தும்மினால்கூட அண்ணன் எழுந்து நின்றார்.

"வா வா, உக்காரு. குடிக்கத் தே தாரிக் சொல்லவா?" என்றார் அண்ணன். பதிலுக்குக் காத்திருக்காமல் விஷயத்துக்கு வந்தார். "ஒன் வண்டி எண்ணெய்க்கு நீ வெளியாள்கிட்ட போவக் கூடாது. நம்ம ரவூப் இருக்கும்போது எதுக்கு? இங்க பாரு, கொண்டாந்துட்டாரு."

மேசைக்கடியிலிருந்து ஒரு பிளாஸ்டிக் பையை ரவூப் எடுத்து வைத்தார். உள்ளே சிவப்பு பாட்டில்கள். மேலே ஒரு கழுகு, அதன் காலில் ஒரு டயர்.

"இது சிவிடி கியருக்கு ஆவுமா?" என்று கேட்டேன்.

"ஆட்டோன்னா ஆட்டோதானே ராத்தா," என்றார் ரவூப், என்னை அக்கா முறை வைத்து. "பெடல் ரெண்டுதானே இருக்கு?"

அடப்பாவி! காலுக்குக் கீழே எத்தனை பெடல் என்று எண்ணி எண்ணெய் விற்கிற ஆளை அன்றுதான் பார்த்தேன். என் கார் கியர் சிவிடி ரகம், உள்ளே பல்சக்கரம் மாறுவதில்லை. இரண்டு உருளைகளுக்கு நடுவே ஒரு இரும்புப் பட்டை ஓடுகிறது. எண்ணெய் அதைச் சூடாகாமலும் பார்க்க வேண்டும், பிடிமானமும் கொடுக்க வேண்டும். மற்ற ஆட்டோமேட்டிக் கார்களின் எண்ணெயை ஊற்றினால் பட்டை பிடிக்காமல் உருளையைச் சுரண்டும், அத்தோடு கதை முடிந்தது. காரோடு வந்த புத்தகத்தில் எந்த எண்ணெய் என்று பெயரோடு போட்டிருக்கிறான். எழுத்துக்கூட்டிப் படிக்கத் தெரிந்தால் போதும்.

"புஸ்தகத்துல வேற எண்ணெய்தான் போட்டிருக்கு," என்றேன்.

"கம்பெனிக்காரன் அவன் எண்ணெயைத்தான் போடுவான். அதெல்லாம் பிசினஸ்தான் லா," என்று சிரித்தார் ரவூப்.

"உங்க வண்டியும் சிவிடிதானே? அதுல இதுதான் ஓடுதா?"

"பின்னே? பட்டு மாதிரி போவுது."

அண்ணன் என் பக்கம் குனிந்து, ஏதோ ரகசியம்போல, ஆனால் பக்கத்து மேசைக்கும் கேட்கும்படி சொன்னார்: "ஊர்க்காரர்ட்ட வாங்காம போனா நாளைக்குச் சங்கத்துல நான் எப்புடி மொகத்தக் காட்டுறது? சம்பந்தம் பேசிக்கிட்டு இருக்கிற வூடு. ஒரு எண்ணெய்க்காகக் கெடுத்துடாத."

எங்கள் ஊர்ச் சங்கத்துக்கு அவர்தான் தலைவர். எதை வாங்கினாலும் ஊர்க்காரரிடம்தான் வாங்க வேண்டும் என்பது அந்தச் சங்கத்தின் ஒரே கொள்கை. இப்படித்தான் ஒருமுறை ஊர்க்காரரிடம் ஏர்கான் வாங்கி அந்த வருஷம் முழுக்க விசிறிக்கொண்டு கிடந்தோம். வெளியாளிடம் ஏமாந்தால் சண்டை போடலாம். ஊர்க்காரரிடம் ஏமாந்தால் விருந்துக்குக் கூப்பிட்டுப் பிரியாணி போட வேண்டும். என்ன ஜென்மங்களோ!

சாதியா முகத்துக்காகப் பையை எடுத்துக்கொண்டேன். பாட்டிலின் பின்னால் படித்தேன். பவர் ஸ்டீயரிங்குக்கும் ஆகுமாம், லாரிக்கும் ஆகுமாம். இன்னும் கொஞ்சம் இடம் இருந்திருந்தால் முடி வளரத் தலைக்கும் தேய்க்கலாம் என்று போட்டிருப்பார்கள். சிவிடி என்ற எழுத்து மட்டும் எங்கேயும் இல்லை. தினமும் இரண்டு முறை அண்ணன் போன் செய்தார். "ஊத்தியாச்சா? ஊத்தியாச்சா?" அவர் கல்யாணத்துக்குக்கூட இவ்வளவு அவசரப்பட்டதில்லை. சம்பந்தியைக் குளிர வைக்கத் துடிக்கிறார், மூளை கெட்ட மனுஷன் என்றுதான் நினைத்தேன்.

செவ்வாய்க்கிழமை காலை சின் மிங்குக்குப் போனேன். பட்டறையில் ஒரு வெள்ளைக் கார் மேலே ஏறி நின்றது. அதன் அடியில் டவ்கே. ஓரத்தில் பிளாஸ்டிக் நாற்காலி, அதில் ஒரு வெள்ளை ஜிப்பா, கையில் கோப்பி ஓ என்ற கடுங்காப்பி. ரவூப்!

என் கண் அவர்மேல் நிற்கவில்லை. பக்கத்தில் வைத்திருந்த எண்ணெய் டின்னைத்தான் பார்த்தேன். என் கார் புத்தகத்தில் போட்டிருந்த அதே எண்ணெய். பெயர் அச்சு அசல் அதேதான்.

"அஸ்ஸலாமு அலைக்கும் ராத்தா," என்று எழுந்த மனுஷனுக்குக் கோப்பி ஜிப்பாவில் சிந்திவிட்டது.

"வ அலைக்கும் ஸலாம். பட்டு மாதிரி போற வண்டிக்கு இங்க என்ன வேலை, ரவூப்?"

"அது... வியாபாரம் வேற, வண்டி வேற, ராத்தா."

வெட்கம் என்று ஒன்று இருந்தால்தானே! அதை ஏதோ நல்ல வார்த்தைபோலச் சொல்கிறார், சிரிப்பு வேறு. "ஓங்க வண்டி மட்டும் வண்டி, என்னுது என்ன தள்ளுவண்டியா? சம்பந்தி வூட்டுப் பொம்பள சோத்துல மண்ணள்ளிப் போடுறோமேன்னு கொஞ்சமாச்சும் இருந்துச்சா ஓங்களுக்கு?" என்று கத்தினேன். டவ்கே ஸ்பேனரோடு வெளியே வந்து பார்த்தார்.

"என்னையத் திட்டாதீங்க ராத்தா," என்றார் ரவூப். குரல் இறங்கிவிட்டது. "நான் ஜாஃபர் நானாகிட்ட அன்னைக்கே சொல்லிட்டேன். ராத்தா வண்டி சிவிடி, இது ஒத்துக்காது, கியர் போயிரும், வேணாம்னு. அவர்தான் பரவால்ல, ஊத்தட்டும்னாரு."

"ஊத்தட்டும்னாரா?"

"வண்டி போனா கடைக்கு வந்துருவான்னாரு."

இத்தனை நாளும் அண்ணனை நான் முட்டாள் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். முட்டாள் என்றால் மன்னித்துவிடலாம், தொலையட்டும் என்று விட்டுவிடலாம். இந்த மனுஷன் எல்லாம் தெரிந்தேதான் தினமும் இரண்டு முறை போன் செய்திருக்கிறார்.

ரவூப்பின் கார் கீழே இறங்கியதும் என் காரை ஏற்றச் சொன்னேன். பழைய எண்ணெய் கரிபோல வழிந்தது, தீய்ந்த வாடை. அடித்தட்டிலிருந்த காந்தத்தில் சாம்பல் மாதிரி இரும்புத் தூள் ஒட்டியிருந்தது. துண்டு துண்டாக இல்லை, தூள்தான், பிழைத்தாய் என்றார் டவ்கே. வழிந்ததை அளந்து அதே அளவு புதுசு ஊற்றினார். இஞ்சினை ஓடவிட்டுச் சூடாக்கி மட்டம் பார்த்தார். ஒரே தடவையில் பாதிதான் வெளியே வரும், மீதிக்கு அடுத்த வாரம் திரும்பவும் வா என்றார். டி போட்டேன். யோசிக்காமல் நகர்ந்தது.

நேராக அண்ணன் கடைக்குப் போனேன். கல்லா ஸ்டூலில் சாதியா உட்கார்ந்திருந்தாள். கணக்கியல் படித்த பெண், வேலை கிடைக்கும்வரை என்று உட்கார வைத்தார், இரண்டு வருஷம் ஓடிவிட்டது. அண்ணன் அரிசி மூட்டைமேல் உட்கார்ந்து போனில் வீடியோ பார்த்துக்கொண்டிருந்தார். சிவப்பு பாட்டில் பையைக் கல்லா மேசையில் வைத்தேன்.

"இது கியரைக் கெடுக்கும்னு ஓங்களுக்குத் தெரியுமா, நானா?" என்று அண்ணனைக் கேட்டேன்.

அவர் போனிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "யாரு சொன்னா?"

"ரவூப் சொன்னாரு. ஓங்ககிட்டயும் சொன்னாராம்."

மறுப்பார், கத்துவார், குர்ஆன்மேல் சத்தியம் செய்வார் என்று எதிர்பார்த்தேன். மனுஷன் போனை மடியில் வைத்துவிட்டு, கத்தரிக்காய் விலை சொல்கிற குரலில் சொன்னார்: "சரி, தெரியும். இப்ப என்ன? அம்பது வயசுல கண்டவனையும் பின்னாடி உக்கார வச்சு ஓட்டுறது ஒரு பொழப்பா? வண்டி தானா நின்னாத்தான் நீ நிப்பே."

"மாமியோட வண்டியையா, வாப்பா?" என்றாள் சாதியா.

"ஒனக்கு ஒண்ணும் தெரியாது, சும்மா இரு. நீ கட்டிக்கிட்டுப் போயிட்டா இங்க யாரு உக்காருவா? வெளியாளப் போட்டா சம்பளம் கேப்பான், லீவு கேப்பான், சிபிஎஃப் சேமநிதி கட்டச் சொல்லுவான்."

சாதியா ஸ்டூலிலிருந்து இறங்கினாள், கைப்பையை எடுத்தாள். "ரியாஸ்கிட்ட கல்யாணத்தப் பத்தி நானே பேசிக்கிறேன். மாமி, என்னைய எம்ஆர்டி ஸ்டேஷன்ல எறக்கி விடுறீங்களா? எனக்கு இந்த இடத்துல மூச்சு முட்டுது."

"ஏய், கல்லாவ விட்டுட்டு எங்க போறே?" என்று எழுந்தார் அண்ணன். அவள் நிற்கவில்லை. உடனே என் பக்கம் திரும்பினார். குரல் குழைந்துவிட்டது. "சாயிரா, இங்க பாரு. வண்டிய வித்துட்டு வந்துரு. கடையில பங்கு எழுதித் தர்றேன். பாதிக்குப் பாதி."

பாதிக்குப் பாதி! அத்தனை வருஷம் அந்த ஸ்டூலில் முதுகு உடைய உட்கார்ந்திருந்தேன். ஒரு நாள், ஒரே ஒரு நாள் அந்த வார்த்தை அவர் வாயில் வந்ததில்லை. எனக்குச் சேர வேண்டியது இன்னதென்று இந்த மனுஷனுக்கு முதல் நாளிலிருந்தே தெரிந்திருக்கிறது.

"ஓங்க பங்க நீங்களே வச்சுக்குங்க. ஸ்டூல் காலியாத்தான் இருக்கு, உக்காருங்க," என்றேன். பாட்டில்களை அங்கேயே விட்டுவிட்டு வெளியே வந்தேன்.

கடைக்குள் ஒரு அம்மா வெங்காயத்தையும் பருப்பையும் வைத்துக்கொண்டு, "பாய், எவ்வளவு ஆச்சு? பஸ் வந்துரும்," என்றார். அண்ணன் கல்லாவில் போய் உட்கார்ந்தார். அந்த மெஷினை அவர் தொட்டே பல வருஷம் இருக்கும். ஏதேதோ அமுக்கினார், அது பீப் பீப் என்று கத்தியது. அந்த அம்மா பணம் கட்டப் போனை நீட்டிக்கொண்டு நின்றார், பின்னால் இன்னும் இரண்டு பேர் வந்து வரிசையில் சேர்ந்தார்கள்.

"சாதியா! சாயிரா! பாஸ்வர்டாச்சும் சொல்லிட்டுப் போங்கடி!"

சாதியா காரில் ஏறி பெல்ட்டைப் போட்டாள். நான் டி போட்டேன்.