கம்பங்கூழ் கேட்டு வந்த படை

2022ஆம் ஆண்டு பங்குனி மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை காலை, கோவில்பட்டி இலுப்பையூரணியில் கற்பகத்தின் வீட்டு வாசலில் நாற்பத்தொரு சிப்பாய்கள் சாப்பாடு கேட்டு வந்து நின்றார்கள். அவள் எழுதி வடிவமைத்துக்கொண்டிருந்த பாளையப்போர் கம்ப்யூட்டர் கேமிலிருந்து வந்தவர்கள் என்பது தலைப்பாகையைப் பார்த்ததுமே தெரிந்துவிட்டது. அந்தச் சிவப்புக் கரைக்காக ஓவியருடன் மூன்று வாரம் சண்டை போட்டவள் அவள்.

“கயத்தாத்துல இருந்து நாகலாபுரம் வரைக்கும் நடக்க வச்சிட்டிய. ஒரு வாய் கம்பங்கூழு கிடையாது. இது நியாயமாம்மா?” என்றான் முன்னால் நின்ற சோலைச்சாமி.

குற்றம் அவளுடையதல்ல. பதினோரு வருடமாகப் பெங்களூர்க் கம்பெனி ஒன்றுக்கு வீட்டிலிருந்தே சரித்திர கேம்கள் எழுதுகிறாள். தானியம் தீர்ந்தால் படை நகராது என்று ஒவ்வொரு கேமிலும் ஒரு விதி எழுதுவாள். ஆடுகிறவர்களுக்கு அலுப்புத் தட்டும் என்று மேலாளர் ஹரிஹரசுதன் ஒவ்வொரு முறையும் அதை வெட்டுவார். இந்தத் தடவை வெட்டியது முந்தின நாள் சாயங்காலம்.

கற்பகம் போன் போட்டாள். “சார், ஆளுக சோறு கேட்டு வாசல்ல நிக்காவ.”

“அதை ஒரு கோளாறு, பக்னு பதிவு பண்ணிருங்க மேடம். அடுத்த மாசம் பாக்கலாம்.”

அடுத்த மாதம் அவள் விதியை மறுபடி எழுதினாள், அவர் மறுபடி வெட்டினார், மேலும் முப்பது பேர் வந்தார்கள். அவள் கணவர் பூவனநாதன் தீப்பெட்டி ஆபீஸ் வேலைக்கு விடுப்புச் சொல்லிவிட்டுச் சமையலில் இறங்கினார். தெருக்காரர்கள் குழாயடி வரிசையில் குடங்களுக்கு நடுவே ஈட்டிகளுக்கும் இடம் விட்டார்கள். இரண்டு வருடத்தில் எண்ணிக்கை முந்நூறைத் தாண்டியது. ஹரிஹரசுதன் ஒவ்வொரு கூட்டத்திலும் குதிரைகளின் பிடரிமயிர் இன்னும் பளபளக்க வேண்டும் என்றே பேசிக்கொண்டிருந்தார்.

ஒரு நாள் கற்பகம் கம்ப்யூட்டரை மூடினாள். “போதும் சாமி. இவியளை அங்கன அனுப்பிருதேன்” என்று, படை முழுவதையும் ஸ்டேஷனுக்கு நடத்திப்போய்ப் பெங்களூர் ரயிலில் ஏற்றிவிட்டு, சோலைச்சாமி கையில் ஹரிஹரசுதனின் வீட்டு முகவரியைக் கொடுத்தாள்.

நான்காம் நாள் போன் வந்தது. பின்னால் பாத்திரங்கள் உருளும் சத்தம். “விதியைப் போட்டுருங்க மேடம். இன்னைக்கே போட்டுருங்க.”

அன்றே போட்டாள். படை கேமுக்குள் திரும்பியது. போகிற வழியில் இருக்கிற ஊர்களில் தானியம் எடுத்துக்கொண்டு ஒழுங்காக நடந்தது. பதின்மூன்று வருடத்தில் முதல் முறையாகத் தான் எழுதியது எழுதியபடியே நிற்கிற சந்தோஷத்தில், கற்பகம் இரண்டு நாள் அடித்துப்போட்டதுபோலத் தூங்கினாள்.

மூன்றாம் நாள் காலை வாசலில் பெண்கள் நின்றார்கள். கையில் புடைக்கத் தானியமில்லாத வெறும் சுளகு, இடுப்பில் பிள்ளைகள். முன்னால் நின்றவள் தன் பெயர் வெயிலம்மாள் என்றாள்.

“ஏட்டி, உன் படை வந்து எங்க கம்பையெல்லாம் அள்ளிட்டுப் போயிட்டு. விதைக்குக்கூட மிச்சம் வைக்கல. நாங்க என்னத்தக் குடிக்க?”

கற்பகம் நெற்றியில் அடித்துக்கொண்டாள். பிறகு தலைகளை எண்ணி, உள்ளே திரும்பி, “என்னங்க, நூத்திப் பத்துப் பேரு. பிள்ளையளுக்குக் கொஞ்சம் குழைய வையுங்க” என்று சொல்லிவிட்டு, அடுத்த விதியை எழுத உட்கார்ந்தாள். பூவனநாதன் அடுப்பைப் பற்றவைத்தார்.