ஒன்றுகூட விடாமல்

1.

இந்தக் கதை ஓர் எரிச்சலில் பிறந்தது. அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கடையில் மழைக்கு ஒதுங்கிய மலையேறி ஒருவன், கசங்காத புதுச் சட்டையோடு, கண்ணாடிக்கு வெளியே தெரிந்த ரினோக் மலையைக் காட்டி, "அடடா, மனுஷன் கைபடாத இடம்!" என்றான். பக்கத்தில், அந்த மலையில் ஆடு மேய்க்கும் எலெரி நின்றிருந்தாள், நாய்த்தீனி மூட்டையைத் தோளில் தூக்கியபடி.

"அப்ப அந்த மதில் என்ன, தானா முளைச்சுதா?" என்று கேட்டுவிட்டு மழையில் இறங்கிப் போனாள்.

அன்றைக்கே எழுத உட்கார்ந்தேன். அவளுக்காக நாலு பேரை அறையவேண்டும் என்பதுதான் திட்டம். கதை அந்தப் பக்கம் போகவில்லை.

2.

முதல் தொடக்கம்: "கடலுக்கும் ஏரிக்கும் நடுவே மூடுபனி வெண்பட்டுப் போர்வையாகப்

(வேண்டாம். இந்த மூடுபனி பட்டு அல்ல. நனைந்த கம்பளி மாதிரி நாறும். அதற்குள் கையை நீட்டினால் கை தெரியாது.)

இரண்டாம் தொடக்கம்: ரினோக்கில் பாதை என்று சொல்லிக்கொள்ள எதுவும் இல்லை. மலை முழுக்க உடைந்த பாறை, படிப்படியாக. படிகளுக்கு இடையே ஆளை இடுப்புவரை விழுங்கும் இடுக்குகள். அந்த இடுக்குகள் கண்ணில் படாதபடி மேலே முழங்கால் உயரத்துக்கு ஹெதர் புதர். மேற்கே பார்த்தால் கடல். கிழக்கே மூடிக்கிடக்கும் அணுமின் நிலையமும் அதன் ஏரியும். நடுவில் ஒரு மதில் செங்குத்தாக ஏறிப் போய்த் திடீரென்று நின்றுவிடுகிறது.

மதிலுக்கு அப்பால் வேலி கிடையாது. ஆனாலும் ஒவ்வொரு பண்ணையின் ஆட்டுக்கும் அதன் எல்லை தெரியும். இந்த ஓடைவரை, அந்தப் பாறைவரை. தாய் மேய்ந்த இடத்தில் குட்டி மேயும், அதன் குட்டியும் அங்கேயே மேயும். அந்த இடத்துக்கு இங்கே "கனெவின்" என்று பெயர்.*

இது நிற்கிறது. இதை வைத்துக்கொள்கிறேன்.

* பண்ணை கைமாறும்போது மந்தையும் மலையோடு சேர்ந்து கைமாறுவதுதான் வழக்கம். மந்தையைப் பிரித்து விற்பது வீட்டின் கூரையைப் பிரித்து விற்பது மாதிரி. பள்ளிக்கூடம் போகாத பிள்ளைக்கும் இங்கே இது தெரியும். இதைத் தெரியாமல் ஒருத்தி செய்தாள் என்று எழுதினால் அது பொய். எலெரி தெரிந்தேதான் செய்தாள்.

3.

இனி கெத்தின். எலெரியின் தம்பி.

முதல் வரைவில் அவனைப் பேராசைக்காரனாக எழுதினேன். பளபளக்கும் கார் கொடுத்தேன். அப்பாவின் சவப்பெட்டிக்கு முன்னாலேயே கைக்கடிகாரத்தைப் பார்க்கவைத்தேன். எழுத எழுத எனக்குக் குஷியாக இருந்தது. படித்துப்பார்த்தால் அட்டையில் வெட்டிய பொம்மை. உண்மையில் கெத்தின் ரெக்ஸம் நகரத்தில் மின்வேலை பார்க்கிறவன். இரண்டு அறை வீட்டில் நாலு பிள்ளைகள். அப்பா ஹென்ட்ரே பண்ணையை இருவருக்கும் சமமாக விட்டுப்போனார். அவன் நகரத்துக்குப் போன பிறகு வருஷக்கணக்காக மழையில் நின்று பண்ணையைப் பார்த்தவள் எலெரி. அவள் கோபத்துக்குக் காரணம் இருந்தது. அவன் கேட்டதிலும் தப்பில்லை.

அடக்கம் முடிந்து, தேவாலயத்துக்குப் பின்னால் இருந்த கூடத்தில் தேநீர். திராட்சை ரொட்டியில் வெண்ணெய் தடவியபடி கெத்தின் மெதுவாகத்தான் ஆரம்பித்தான்.

"அக்கா, எனக்கு நிலம் வேணாம். ஏதாவது பாத்துக் குடு. பிள்ளைங்க வளருது."

"ஆட்டை ஓட்டிட்டுப் போ."

"அப்படிச் சொல்லல. பாதி..."

"காதுல நம்ம பண்ணைக் குறி போட்ட ஆடு மலையில எது இருந்தாலும் உன்னோடது. ஒண்ணுகூட விடாம ஓட்டிட்டுப் போ. மலை எங்கயும் ஓடிடாது."

பக்கத்துப் பண்ணைக்காரர் எம்லின் கோப்பையைத் தட்டில் வைத்த சத்தம் மட்டும் கேட்டது. கெத்தின் முகம் வெளுத்துவிட்டது.

"அக்கா, கிழட்டுத் தாயாடுங்களையாவது வச்சுக்க. இல்லன்னா மலை..."

"உன் பிச்சை எனக்கு வேணாம்டா."

(இந்தக் கடைசி இரண்டு வரிகளை நாலு தடவை அடித்தேன். இவை இல்லாவிட்டால் எலெரி முழுக்க நல்லவள். ஆனால் இவை இல்லாமல் கதை நொண்டுகிறது.)

யாரும் தடுக்கவில்லை. எலெரிக்குத் தெரிந்ததை எலெரிக்கே எடுத்துச்சொல்வது இந்தப் பள்ளத்தாக்கில் அவமரியாதை.

4.

இலையுதிர்காலத்தில், மூடுபனி இறங்கிய ஒரு நாளில், கெத்தின் விற்பதற்காக மந்தையை இறக்கினார்கள். லாரிகள் வந்தன. நான் அந்தக் காட்சியை எழுதமாட்டேன். கண்ணீர் வரவழைப்பது சுலபம்.

வசந்தத்தில் எலெரி வேறு மலையிலிருந்து புது ஆடுகள் வாங்கி மதில் வாசலைத் திறந்துவிட்டாள். அவை சின்ன ரினோக் சிகரத்தின் அடியில் கொஞ்சம் முழித்துக்கொண்டு நின்றன. பிறகு கால் போன போக்கில் போய்விட்டன. சில ஏரிக்கரைக்கு, சில தார்ச்சாலைக்கு, ஒரு கூட்டம் யாரோ ஓய்வுபெற்ற தம்பதியின் ரோஜாத் தோட்டத்துக்கு. தினமும் நாயோடு ஏறி, தேடி, திருப்பி ஓட்டினாள். மறுநாள் மறுபடி இல்லை. ஹெதருக்குள் வண்டி ஏறாது, கால்தான். முழங்கால் வீங்கியது. நாய்க்கும் அவளுக்கும் ஒரே களிம்பு.

எம்லின் மதிலுக்கு அந்தப்பக்கம் நின்று சொன்னார்: "பொண்ணே, உன் ஆடு ஒண்ணு நேத்து எங்க சமையலறை ஜன்னல்ல எட்டிப் பாத்துச்சு. டீ குடுக்கலாமான்னு யோசிச்சேன்."

"சக்கரை போடாதீங்க. அதுக்குக் கொழுப்பு ஏற்கெனவே ஜாஸ்தி."

சிரித்தார்கள். மரம் நடும் கம்பெனிக்காரர்கள் மலையை விலைக்குக் கேட்டு இரண்டு தடவை வந்து போனது இருவருக்கும் தெரியும். இந்தக் கோடையில் ஆடு நிற்கவில்லையென்றால் எலெரி மலையைக் கொடுத்துவிடுவாள். பிறகு பாறை தெரியாது, கடல் தெரியாது, வரிசையாக ஊசியிலை மரம்தான்.

அவள் அம்மா எங்கே, கணவன் எங்கே என்று கேட்காதீர்கள். ஒருத்தி தனியாக இருந்தால் அதற்கு விளக்கம் கேட்கும் பழக்கத்தை இந்தக் கதையாவது விடட்டும்.

5.

கம்பளி கத்தரிக்க எம்லின் தன் மந்தையை இறக்கிய நாளில்தான் அது நடந்தது. பட்டியில், அவருடைய ஆடுகளுக்கு நடுவே, போன கத்தரிப்புக்கும் அகப்படாமல் இரண்டு வருஷக் கம்பளி தொங்க, கந்தல் கட்டின பிச்சைக்காரிகள் மாதிரி ஏழெட்டுத் தாயாடுகள். காதில் ஹென்ட்ரே குறி. ஒவ்வொன்றின் காலடியிலும் ஒரு குட்டி.

விற்ற அன்று பனியில் தப்பியவை. இந்தப் பாறைகளில் எந்த மந்தையையும் யாரும் முழுசாக இறக்கியதில்லை.

கத்தரிப்புக்கு உதவ வந்திருந்தாள் எலெரி. முழங்காலில் உட்கார்ந்து ஒன்றின் காதைத் தொட்டாள்.

"எங்க நின்னுதுங்க?"

"உன் இடத்துலதான், ஆள் ஏறாத பாறை இடுக்குல. ஓடைக்கு இந்தப்பக்கம் ஒரு அடி எடுத்து வைக்கல. என் நாய்தான் துரத்திக் கொண்டாந்துச்சு. குட்டிங்களுக்கு அப்பன் யாருன்னு என்னைக் கேக்காத, என் கிடா ஒண்ணு போன வருஷம் ஊர் சுத்தப் போயிருந்தது."

இவை நின்றால் போதும். இவற்றோடு சேர்ந்து புது ஆடுகளும் கொஞ்சம் கொஞ்சமாக நிற்கும். அவளுக்குத் தெரியும். அவருக்கும் தெரியும்.

"நான் ஓட்டிட்டுப் போறேன், எம்லின்."

அவர் தொப்பியைக் கழற்றி மறுபடி போட்டுக்கொண்டார்.

"குறி உன்னோடது. ஆடு கெத்தினோடது. நீ சொன்னப்ப நான் அங்க உக்காந்திருந்தேனே பொண்ணே."

"கேக்காத மாதிரி இருங்களேன்."

"இருக்கலாம். நாளைக்கு என் ஆடு உன் பட்டியில வந்து நிக்கும். நீயும் கேக்காத மாதிரி இருப்ப. அப்புறம் இந்த மலையில வேலி போடத்தான் வேணும்."

தப்பி வந்த ஆட்டை உடையவரிடம் சொல்லாமல் வைத்துக்கொள்வதுதான் இங்கே மிகக் கேவலமான திருட்டு. பேசாத பகையாளிக்கும் சொல்லியாகவேண்டும்.

"கத்தரிச்சு முடிக்கிறதுக்குள்ள அவனுக்குப் போன் பண்ணு. இல்லன்னா நான் பண்ணணும். நான் பண்ணா அது வேற மாதிரி ஆயிடும்."

6.

முடிவுகள்.

அ) அவள் மன்னிப்புக் கேட்கிறாள், தம்பி அழுகிறான், ஆடு மலையேறுகிறது. பெண் தலை குனிந்ததும் எல்லாம் சரியாகிவிடும் கதைகளைப் படித்துப் படித்து எனக்குப் பித்தம் ஏறியிருக்கிறது. மாட்டேன்.

ஆ) அவள் நிமிர்ந்து நடந்து வீட்டுக்குப் போகிறாள். எனக்குப் பிடித்த முடிவு. எழுதியும் பார்த்தேன். கடைசி வரியில் மரம் நட ஆட்கள் மண்வெட்டியோடு வருகிறார்கள். அவள் ரோஷத்துக்கு மலை விலை கொடுக்கிறது. கிழித்தேன்.

இ) அவள் பட்டிக் கதவைத் திறந்து

(இல்லை. அவள் திருடமாட்டாள்.)

7.

எம்லினின் சமையலறை. சுவரில் தொலைபேசி. ஜன்னல் திறந்திருக்கிறது. கத்தரிக்கப் பிரித்த தாய்களும் குட்டிகளும் வெளியே ஒன்றையொன்று கூப்பிட்டுக் கதறுகின்றன.

அவள் எண்ணை அழுத்திவிட்டாள். அதுவரை நான் கொண்டுவந்துவிட்டேன்.

"ஹலோ? யாரு?"

அவள் ஜன்னல் பக்கம் திரும்பினாள். எப்படி ஆரம்பிப்பது என்று தெரியவில்லை. தப்பு என்று ஒத்துக்கொள்வதா, ஆடு இருக்கிறது என்று தகவல் மட்டும் சொல்வதா. தகவல் மட்டும் சொன்னால் அவன் லாரி அனுப்பலாம். அனுப்ப அவனுக்கு உரிமை உண்டு.

மறுமுனைக்கும் அந்தக் கதறல் கேட்டது:

"அக்கா? அது என்ன சத்தம்? கத்தரிப்பா?... யார் ஆடு அது?"

அடுத்த வரி அவளுடையது. பல வாரமாக எழுதிப் பார்க்கிறேன். நான் எழுதினால் அவள் என் கோபத்தில் பேசுகிறாள், என் கோபத்தில் பேசி ஏற்கெனவே ஒரு மந்தை போயிற்று. நீங்கள் எழுதுங்கள். சீக்கிரம். எம்லின் கடைசி ஆட்டைக் கத்தரிக்கக் காலிடுக்கில் உட்காரவைத்துவிட்டார்.